ஒரு முழங்கால், நான்கு குறியீடுகள்

ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம் தொழிற்பேட்டைகளில் முழங்காலில் அடிபட்டவரும் அவரைச் சுற்றியிருப்பவரும் அந்தக் காயத்துக்குச் சொல்லும் பெயர் 'ஜவ்வு கிழிந்துவிட்டது' என்பதுதான். தொடை எலும்பையும் கீழ்க்கால் எலும்பையும் இழுத்துக் கட்டியிருக்கும் பிணைநார் அறுந்தாலும், அவ்விரண்டு எலும்புகளுக்கும் நடுவே மெத்தைபோல் அமைந்திருக்கும் பிறைவடிவக் குருத்தெலும்பு கிழிந்தாலும், எலும்பு முனையைப் போர்த்தியிருக்கும் வழவழப்பான குருத்தெலும்பு பெயர்ந்தாலும் பேச்சு வழக்கில் எல்லாமே ஜவ்வுதான். ஊர்ப் பேச்சுக்கு அந்தச் சொல் போதும். ஆனால், மருத்துவப் பதிவேட்டில் அவை மூன்றும் மூன்று வெவ்வேறு குறியீடுகளைப் பெறுகின்றன. குறியீடு பிசகினாலோ, அந்தக் குறியீட்டுக்கு ஆதாரமாக மருத்துவர் எழுதியிருக்க வேண்டிய ஒரு வரி விடுபட்டுப்போனாலோ, தொழிலாளிக்குக் கிடைக்க வேண்டிய சம்பள ஈடும், பல ஆண்டுகள் கழித்துத் தெரியவரும் ஊனத்துக்கான உரிமையும் சேர்ந்தே பிசகிவிடுகின்றன.

இந்தக் குறியீடுகளின் தொகுப்புக்கு நோய்களின் பன்னாட்டு வகைப்பாடு என்று பெயர். மருத்துவமனைகளில் ஐசிடி என்றே சொல்வார்கள். பாரிஸ் நகரப் புள்ளியியலாளர் ஜாக் பெர்த்தியோன் 1893-ஆம் ஆண்டில் சிகாகோவில் கூடிய பன்னாட்டுப் புள்ளியியல் கழகக் கூட்டத்தில் முன்வைத்த பட்டியலிலிருந்து அது வளர்ந்தது. அன்று அது இறப்புக்கான காரணங்களின் பட்டியலாக மட்டுமே இருந்ததால், மனிதனைக் கொல்லாமல் முடக்கிப்போடும் முழங்கால் காயத்துக்கு அதில் இடமே இல்லை. உலக சுகாதார நிறுவனம் அப்பட்டியலைத் தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டு 1948-இல் ஆறாம் திருத்தத்தை வெளியிட்டபோதுதான், உயிரோடு இருப்பவர்களின் நோய்களும் காயங்களும் அதில் முழுமையாக இடம்பெற்றன. இந்தியாவின் தொழிற்சாலைகள் சட்டமும் தொழிலாளர் அரசுக் காப்பீட்டுச் சட்டமும் அதே 1948-இல்தான் பிறந்தன. காயத்துக்குப் பெயர் வைக்கும் ஏற்பாடும் காயம்பட்ட தொழிலாளிக்கு ஈடு கொடுக்கும் ஏற்பாடும் ஒரே ஆண்டுப் பிள்ளைகள் என்பது தற்செயல்தான் என்றாலும், முக்கால் நூற்றாண்டுக்குப் பிறகும் இந்தத் தொழிற்பேட்டைச் சாலைகளில் அவை ஒன்றையொன்று சரியாகச் சந்திப்பதில்லை என்பதே கவனிக்க வேண்டியது.

இப்போது இந்திய மருத்துவமனைகளில் பெரும்பாலும் வழக்கில் இருப்பது, 1990-இல் உலக சுகாதாரப் பேரவை ஏற்றுக்கொண்ட பத்தாம் திருத்தம். அதில் ஒவ்வொரு குறியீடும் ஓர் ஆங்கில எழுத்தில் தொடங்கி எண்களால் தொடரும். காயங்களுக்கு உரிய எழுத்து எஸ். முழங்காலுக்கும் கீழ்க்காலுக்கும் ஒதுக்கப்பட்ட பகுதி எஸ் 80 முதல் எஸ் 89 வரை. முழங்காலில் வெறும் ஊமைக்காயம் என்றால் எஸ் 80.0, தோல் கிழிந்து திறந்த புண் என்றால் எஸ் 81.0, முழங்கால் சில்லு உடைந்திருந்தால் எஸ் 82.0, டிபியா எனப்படும் கீழ்க்கால் எலும்பின் மேல்முனை முறிந்திருந்தால் எஸ் 82.1. மக்கள் ஜவ்வு என்று சொல்வது அனைத்தும் எஸ் 83 என்ற தலைப்பின் கீழ் வருகிறது. அதற்குள் பிறைவடிவக் குருத்தெலும்பின் புதிய கிழிசல் 83.2, எலும்பு முனைக் குருத்தெலும்பின் கிழிசல் 83.3, மூட்டின் இரு பக்கங்களிலும் ஓடும் பக்கப் பிணைநார்களின் காயம் 83.4, மூட்டின் உள்ளே ஒன்றையொன்று குறுக்காகக் கடக்கும் சிலுவைப் பிணைநார்களின் காயம் 83.5. இவற்றில் முன்பக்கம் உள்ளதைத்தான் மருத்துவர்கள் ஏசிஎல் என்கிறார்கள். எதுவென்று தெளிவாகத் தெரியாத சுளுக்கு 83.6-இலும், பல உறுப்புகள் ஒருசேரச் சிதைந்தது 83.7-இலும் அடங்கும்.

குறியீடு தேடும் முறையிலும் ஒரு நுட்பம் உண்டு. ஐசிடி மூன்று தொகுதிகளாக அச்சானது: முதல் தொகுதி குறியீடுகளின் வரிசை, இரண்டாவது வழிகாட்டி, மூன்றாவது அகரவரிசை. பதிவேட்டுப் பணியாளர் அகரவரிசையில் 'முழங்கால்' என்று தேடுவதில்லை. 'கிழிசல்', 'சுளுக்கு', 'முறிவு' என்று உறுப்புக்கு நேர்ந்ததைத்தான் முதலில் தேடி, அதற்குக் கீழே உறுப்பைக் கண்டு, பிறகு முதல் தொகுதியில் அதைச் சரிபார்க்கிறார். குருத்தெலும்புக் கிழிசல் என்ற இடத்துக்கு வந்ததும் பாதை இரண்டாகப் பிரிகிறது: இது புதிய காயமா, பழைய காயமா? புதியது என்றால் எஸ் 83.2. பழையது என்றால் அது காயங்களின் அத்தியாயத்தைவிட்டே வெளியேறி, எலும்பு, தசை, மூட்டு நோய்களின் அத்தியாயமாகிய எம் என்ற எழுத்துக்குப் போய், எம் 23.2 ஆகிவிடுகிறது. எஸ் 83-இன் அடியிலும் எம் 23-இன் அடியிலும் ஒன்றையொன்று விலக்கும் குறிப்புகளே அச்சிடப்பட்டுள்ளன. ஆக, மருத்துவர் 'குருத்தெலும்புக் கிழிசல்' என்று மட்டும் எழுதிவிட்டு, எந்த நாளில், எதனால் என்று எழுதாமல் விட்டால், பதிவேட்டுப் பணியாளர் நின்று யோசிக்க வேண்டிய இடம் அதுதான்.

எஸ், எம் என்ற இரண்டு எழுத்துகளுக்கும் இடையே உள்ள தூரத்தை, ஒரு முழங்காலின் பயணத்தோடு சேர்த்துப் பார்த்தால் எளிதாகப் புரியும். கிடங்கில் பேலட் டிராலியை இழுத்து வருபவர், எண்ணெய் சிந்திய தரையில் ஒரு காலை ஊன்றியபடியே பளுவோடு உடலைத் திருப்பும்போது, பாதம் தரையில் நிற்க, முழங்கால் மட்டும் முறுக்கிக்கொள்கிறது. 'படக்' என்று உள்ளே ஒரு சத்தம் கேட்கிறது. சில மணி நேரத்துக்குள் மூட்டுக்குள் இரத்தம் கசிந்து முழங்கால் பந்துபோல் வீங்குகிறது. முன் சிலுவைப் பிணைநார் அறுவது பெரும்பாலும் இப்படித்தான். எக்ஸ்ரே படத்தில் பிணைநார் தெரியாது என்பதால், 'எலும்பில் ஒன்றுமில்லை' என்ற ஆறுதலோடும், ஒரு கிரேப் பேண்டேஜோடும், சில நாள் மாத்திரையோடும் அவர் வீடு திரும்புகிறார். ஓ.பி. சீட்டில் 'முழங்கால் வலி' என்று இருந்தால் அது எம் 25.5, மூட்டுவலி என்ற அறிகுறிக்கு உரிய குறியீடே தவிர, காயம் என்ற சொல்லே அதில் இல்லை. சற்றுக் கவனமாக 'முழங்கால் சுளுக்கு' என்று எழுதியிருந்தால் எஸ் 83.6. வீக்கம் வடிந்த பிறகு அவர் மறுபடி வேலைக்குப் போகிறார். ஆனால் படியிறங்கும்போதும் திரும்பும்போதும் முழங்கால் நழுவுகிறது. எம்ஆர்ஐ ஸ்கேன் எடுத்த பிறகே பிணைநார் அறுந்திருப்பது தெரிகிறது. அப்போது எஸ் 83.5. அறுவைச் சிகிச்சைக்கு வசதியோ விடுப்போ இல்லாமல் ஓரிரு ஆண்டுகள் ஓட்டிவிட்டால், அதே முழங்காலுக்கு 'நாட்பட்ட நிலையின்மை' என்ற எம் 23.5 வந்து சேர்கிறது. நழுவும் ஒவ்வொரு முறையும் பிறைவடிவக் குருத்தெலும்பும் நசுங்கித் தேய்கிறது. நாற்பது வயதைக் கடக்கும்போது, காயத்தைத் தொடர்ந்து வந்த மூட்டுத் தேய்மானம் என்ற எம் 17.3-இல் அந்த முழங்கால் வந்து நிற்கலாம். சுளுக்கு, பிணைநார்க் காயம், நிலையின்மை, தேய்மானம் என்று நான்கு குறியீடுகள். அடிபட்டது என்னவோ ஒருமுறைதான். கடைசிக் குறியீட்டைப் பார்த்து 'இது வயதால் வந்த தேய்மானம்' என்று ஒருவர் சொன்னால், அதை மறுக்கும் ஆற்றல் முதல் நாள் ஓ.பி. சீட்டுக்கு மட்டுமே உண்டு.

இஎஸ்ஐ என்று எல்லாரும் அறிந்த தொழிலாளர் அரசுக் காப்பீட்டுத் திட்டத்தில் இந்த வேறுபாடு நேரடியாகப் பணமாகிறது. தமிழ்நாட்டில் 1955 ஜனவரியில் கோயம்புத்தூரில் தொடங்கிய அத்திட்டம், 2017 முதல் மாதம் 21,000 ரூபாய் வரை சம்பளம் பெறுவோரை உள்ளடக்குகிறது. 2019 ஜூலை முதல் தொழிலாளியின் பங்கு சம்பளத்தில் 0.75 விழுக்காடு, முதலாளியின் பங்கு 3.25 விழுக்காடு. சாதாரண நோய்க்காக விடுப்பில் இருப்பவருக்குச் சம்பளத்தில் 70 விழுக்காடு, ஆண்டுக்கு அதிகபட்சம் 91 நாட்கள் கிடைக்கும்; அதற்கும் அவர் உரிய அரையாண்டில் குறைந்தது 78 நாட்களுக்குச் சந்தா செலுத்தியிருக்க வேண்டும். வேலையால் நேர்ந்த காயம் என்றாலோ கிடைப்பது 90 விழுக்காடு; வேலை செய்ய முடியாத நிலை நீடிக்கும்வரை கிடைக்கும்; இத்தனை நாள் சந்தா என்ற நிபந்தனையும் இல்லை; சேர்ந்த முதல் நாளில் அடிபட்டவருக்கும் அது உரியது. ஏசிஎல் பிணைநாரை மறுசீரமைத்த பிறகு பளு தூக்கும் வேலைக்குத் திரும்ப வழக்கமாக ஆறு முதல் ஒன்பது மாதங்கள் ஆகும் என்பதையும், ஒப்பந்தத் தொழிலாளர் பலர் சில மாதங்களுக்கு ஒருமுறை நிறுவனம் மாறுகிறார்கள் என்பதையும் சேர்த்துப் பார்த்தால், 91 நாளுக்கும் 'நீடிக்கும்வரை' என்ற சொல்லுக்கும் இடையே ஒரு குடும்பத்தின் வாடகையும் பள்ளிக் கட்டணமும் அடங்கியிருப்பது தெரியும். குறியீடே இதைத் தீர்மானிப்பதில்லை. முதலாளி அனுப்பும் விபத்து அறிக்கை, விபத்துப் பதிவேடு, மருத்துவரின் சான்று ஆகியவற்றைப் பார்த்துக் காப்பீட்டு அலுவலகம் முடிவெடுக்கிறது. ஆனால், அந்தச் சான்றில் எழுதப்படும் நோய்ப்பெயரும் குறியீட்டுக்கு அடிப்படையான நோய்ப்பெயரும் ஒரே பேனாவிலிருந்து வருபவை.

குறியீட்டில் இன்னொரு பாதியும் உண்டு. தமிழ்நாட்டு மருத்துவமனைகளில் அதிகம் கவனிக்கப்படாத பாதி அது. உடலில் என்ன ஆயிற்று என்பதை எஸ் சொல்கிறது. எப்படி ஆயிற்று என்பதைச் சொல்ல வி, டபிள்யூ, எக்ஸ், ஒய் என்ற எழுத்துகளில் ஓர் அத்தியாயமே இருக்கிறது. வழுக்கியோ தடுக்கியோ சமதரையில் விழுந்தது டபிள்யூ 01. ஏணியிலிருந்து விழுந்தது டபிள்யூ 11. இரண்டு பொருள்களுக்கு நடுவே சிக்கி நசுங்கியது டபிள்யூ 23. அளவுக்கு மீறிய உழைப்பும் ஒரே அசைவைத் திரும்பத் திரும்பச் செய்வதும் எக்ஸ் 50. எங்கே நடந்தது என்பதற்குத் தனி இலக்கம் உண்டு. தொழிற்சாலை, கட்டுமான இடம் என்றால் 6. என்ன செய்துகொண்டிருக்கும்போது நடந்தது என்பதற்கும் ஓர் இலக்கம் உண்டு. கூலி வேலை என்றால் 2.

ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம் பகுதிக்கு இந்தப் பாதி மிகவும் தேவைப்படுவது சாலைகளால்தான். இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் 1998-இல் கார் உற்பத்தியைத் தொடங்கியதிலிருந்து, 2010-இல் ஒரகடத்தில் ரெனோ நிசான் ஆலை திறக்கப்பட்டது, அதன்பின் டைம்லர் லாரி ஆலையும் ராயல் என்ஃபீல்டும் அங்கே வந்தது, சுங்குவார்சத்திரம் சுற்றுவட்டாரத்தில் மின்னணு ஆலைகள் பெருகியது என்று தொழிற்பேட்டைகள் அடுத்தடுத்து விரிந்தன. சென்னை–பெங்களூரு நெடுஞ்சாலையிலும், வண்டலூர்–வாலாஜாபாத் சாலையிலும், ஸ்ரீபெரும்புதூர்–சிங்கப்பெருமாள் கோவில் சாலையிலும் ஷிப்டு மாறும் நேரங்களில் கம்பெனி பஸ்களும், கன்டெய்னர் லாரிகளும், இருசக்கர வாகனங்களும் ஒன்றையொன்று நெருக்கிக்கொண்டு போகின்றன. இருசக்கர வாகனத்திலிருந்து மடங்கிய முழங்கால் தரையில் மோத விழுபவருக்குப் பின் சிலுவைப் பிணைநார் அறுவதும், காரின் முன்புறக் கம்பி இடித்தவருக்கு டிபியாவின் மேல்முனை நொறுங்குவதும் எலும்பு மருத்துவர்கள் நன்கறிந்த காயங்கள். இருசக்கர ஓட்டுநர் லாரியோடு மோதினால் வி 24, காரோடு மோதினால் வி 23, குறுக்கே வந்த மாட்டின்மீதோ நாயின்மீதோ மோதினால் வி 20 என்று வகைப்பாடு பிரித்துச் சொல்கிறது. பஸ் பயணிகளுக்கு வி 70 முதல் 79 வரை தனி இடமும், ஏறும்போதோ இறங்கும்போதோ விழுந்தவருக்குத் தனி இலக்கமும் உண்டு.

இங்கேதான் சட்டமும் வகைப்பாடும் அரிதாகக் கைகோக்கின்றன. கூலி வேலைக்கு உரிய அந்த 2 என்ற இலக்கத்துக்கு ஐசிடி தரும் விளக்கத்தில், வேலைக்குப் போய்வரும் பயண நேரமும் அடங்கும். இந்தியாவிலும் 2010-இல் இஎஸ்ஐ சட்டத்தில் சேர்க்கப்பட்ட 51இ என்ற பிரிவு, வீட்டிலிருந்து வேலைக்கு வரும் வழியிலோ வேலை முடிந்து வீடு திரும்பும் வழியிலோ நேரும் விபத்தை, அதன் நேரமும் இடமும் சூழ்நிலையும் வேலையோடு தொடர்புடையவை என்று நிறுவப்பட்டால், வேலையில் நேர்ந்த விபத்தாகவே கொள்ள வேண்டும் என்றது. ஆனால், ஓ.பி. சீட்டில் 'வண்டியிலிருந்து விழுந்தார்' என்ற இரண்டே சொற்கள் இருந்தால், இரவு ஷிப்டு முடிந்து மாம்பாக்கத்து அறைக்குத் திரும்பியவரையும் ஞாயிற்றுக்கிழமை சினிமாவுக்குப் போனவரையும் அந்தப் பதிவேடு வேறுபடுத்திக் காட்டாது.

சட்டங்களின் பட்டியல்களும் நெடுங்காலமாக எலும்பையும் துண்டிப்பையும் பார்த்துப் பழகியவை என்பதையும் இங்கே சொல்லியாக வேண்டும். இஎஸ்ஐ சட்டத்தின் இரண்டாம் அட்டவணை, முழங்காலுக்குக் கீழே இத்தனை நீளம் விட்டு வெட்டப்பட்டால் இத்தனை விழுக்காடு என்று கணக்கிட்டுச் சொன்னது. அறுந்த பிணைநாருக்கு அதில் வரி இருக்கவில்லை. அதனால் பிணைநார் அறுந்தவருடைய உழைக்கும் திறன் எவ்வளவு குறைந்தது என்பதை மருத்துவக் குழுதான் மதிப்பிட வேண்டும். குற்றவியல் சட்டத்தில் கொடுங்காயம் என்பதன் வரையறையும் எலும்பு முறிவையும் மூட்டு விலகலையும் பெயர் சொல்லிக் குறிக்கிறது. பிணைநார் அறுந்தவரோ, மூட்டின் ஆற்றல் நிரந்தரமாகக் குறைந்துவிட்டதென்றோ, பாரதிய நியாய சன்ஹிதா குறிப்பிடும் 15 நாட்கள் அன்றாட வேலைகளைச் செய்ய முடியவில்லையென்றோ காட்ட வேண்டியிருக்கிறது. வெளியே தெரியாத காயத்துக்கு எழுத்துதான் சாட்சி.

இந்த எழுத்தின் அருமையைத் தமிழ்நாட்டைவிட நன்கறிந்த இடம் குறைவு. சென்னையிலும் திருச்சியிலும் கோவையிலும் மெடிக்கல் கோடிங் என்ற பெயரில் ஒரு பெரிய வேலைத்துறையே இயங்குகிறது. உயிரியல், செவிலியம், இயன்முறை மருத்துவம் படித்த இளைஞர்கள் அமெரிக்க நோயாளிகளின் கேஸ் ஷீட்டைப் படித்துக் குறியீடு இடுகிறார்கள். அமெரிக்கா 2015 அக்டோபரில் பத்தாம் திருத்தத்தைத் தன் தேவைக்கேற்ப விரித்து நடைமுறைப்படுத்தியபோது, ஏறத்தாழ 14,000 ஆக இருந்த நோய்க் குறியீடுகள் 68,000-க்கும் மேல் பெருகின. அங்கே எஸ் 83.5 என்பதோடு நிற்பதில்லை, எஸ் 83.511 ஏ என்றால் வலது முழங்காலின் முன் சிலுவைப் பிணைநார், காயத்துக்கான முதன்மைச் சிகிச்சை நடந்துகொண்டிருக்கிறது என்று பொருள். 512 என்றால் இடது. கடைசி எழுத்து டி என்றால் குணமாகும் கட்டத்தில் தொடரும் கவனிப்பு. எஸ் என்றால் அந்தக் காயத்தின் பின்விளைவு. உலக சுகாதார நிறுவனத்தின் மூலப்பதிப்பில் வலது, இடது என்ற பிரிவே இல்லை. பின்விளைவு என்ற அந்த ஒற்றை எழுத்து, இப்போதைய தொல்லையைப் பழைய காயத்தோடு முடிச்சுப் போட்டுவைக்கிறது. மருத்துவர் எழுதாததை ஊகித்துக் குறியீடு இடக் கூடாது; ஐயம் இருந்தால் மருத்துவரிடமே கேட்டுத் தெளிய வேண்டும் என்பது அந்த இளைஞர்களுக்குச் சொல்லித்தரப்படும் முதல் பாடங்களில் ஒன்று. ஓர் அமெரிக்க முழங்காலுக்குக் கிடைக்கும் இந்தக் கவனம், சென்னையிலிருந்து ஒரு மணி நேரத் தொலைவிலுள்ள ஒரகடத்து முழங்காலுக்கும் கிடைக்க வேண்டும் என்று கேட்பது பேராசை ஆகாது. திறமை இங்கே இல்லாமல் போகவில்லை. அந்தத் திறமையைக் கேட்டு வாங்கும் ஏற்பாடுதான் இல்லை.

தனியார் காப்பீட்டுக் கோரிக்கைப் படிவத்தில் அந்தக் கேட்பு ஓரளவு இருக்கிறது. காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையம் வகுத்த படிவத்தில் மருத்துவமனை நிரப்ப வேண்டிய பகுதியில் ஐசிடி-10 குறியீட்டுக்கும், காயம் என்றால் அதன் காரணத்துக்கும் கட்டங்கள் உள்ளன. மூட்டு மாற்று போன்ற சிகிச்சைகளுக்குப் பாலிசிகளில் ஆண்டுக்கணக்கில் காத்திருப்புக் காலம் விதிக்கப்படுகிறது. விபத்தால் நேர்ந்தது என்றால் அந்தக் காத்திருப்பு பொருந்தாது. அங்கும் எஸ்ஸா எம்மா என்ற கேள்வியே முன்னே வருகிறது.

விபத்தே இல்லாமல் தேயும் முழங்கால்களின் கதை வேறு. மண்டியிட்டபடி டைல்ஸ் ஒட்டுபவருக்கும், குந்தி உட்கார்ந்து எழுந்து நாள் முழுதும் பொருத்தும் வேலை செய்பவருக்கும் சில்லுக்கு முன்னால் உள்ள நீர்ப்பை அழற்சியடைந்து வீங்குவது எம் 70.4 என்ற குறியீட்டைப் பெறுகிறது. வேலையால் வந்தது என்று குறிக்க ஒய் 96 என்ற துணைக் குறியீடும் உண்டு. வேலைக் காயம் என்றால் ஒரு நாள், ஒரு நேரம், ஒரு சம்பவம் என்று கேட்டுப் பழகிய அலுவலகங்களுக்கு, பத்தாண்டுகளில் சிறுகச் சிறுக நேர்ந்ததை எப்படி எழுதுவது என்பது இன்னும் தெளிவாகவில்லை. வகைப்பாடோ மேலும் விரிந்துவருகிறது: 2022-இல் நடைமுறைக்கு வந்த பதினொன்றாம் திருத்தம் வலது, இடது போன்ற விவரங்களைத் துணைக் குறியீடாகச் சேர்த்துக்கொள்ள வழி செய்திருக்கிறது. 2024 ஜனவரியில் ஆயுர்வேதம், யுனானி ஆகியவற்றோடு சித்த மருத்துவ நோய்ப்பெயர்களுக்கும் அதில் ஒரு பகுதி வெளியிடப்பட்டது. மூட்டுத் தேய்மானத்தை அழல் கீல்வாயு என்று நெடுங்காலமாக அழைத்துவரும் மரபுக்கு அது நல்ல செய்தி.

எழுத்தில் மிக எளிதாகத் தவறிப்போகிறவர்கள் இரு வகையினர். பீகார், ஒடிசா, ஜார்க்கண்ட், அசாமிலிருந்து வந்தவர்களால் தம் முழங்காலைக் காட்டி வலி என்று மட்டுமே சொல்ல முடிகிறது. எப்படி அடிபட்டது என்பதை உடன் வந்த மேற்பார்வையாளர்தான் மருத்துவரிடம் சொல்கிறார். மற்றவர்கள் தொழிற்பழகுநர்கள்: தொழிற்பழகுநர் சட்டத்தின் கீழ் சேர்ந்தவர்கள் இஎஸ்ஐ வளையத்துக்கு வெளியே நிற்பதால், அவர்களுக்குப் பயிற்சியின்போது காயம் நேர்ந்தால் தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டத்தின் வழியே முதலாளியே ஈடு தர வேண்டும் என்று அந்தச் சட்டத்தின் 16-ஆம் பிரிவு சொல்கிறது. அந்த ஈட்டைக் கேட்பதற்கும் முதல் நாள் சீட்டே ஆதாரம்.

ஆகவே, இந்தத் தொழிற்பேட்டைகளில் வேலை செய்பவர்களும் அவர்கள் வீட்டாரும் ஐசிடி எண்களை மனப்பாடம் செய்ய வேண்டியதில்லை. முழங்காலில் அடிபட்டு மருத்துவரைப் பார்க்கும் முதல் நாளிலேயே, வலதா இடதா, எந்தத் தேதி, எத்தனை மணிக்கு, எந்த இடத்தில், என்ன வேலை செய்யும்போது அல்லது எங்கிருந்து எங்கே போகும்போது, கால் எப்படித் திரும்பியது, சத்தம் கேட்டதா, எவ்வளவு நேரத்தில் வீங்கியது என்பவற்றைச் சொல்லி, அவற்றை ஓ.பி. சீட்டில் எழுதும்படி கேளுங்கள். சாலை விபத்து என்றால் மருத்துவமனை விபத்துப் பதிவேட்டின் நகலான ஏ.ஆர். காப்பியையும் வாங்குங்கள். ஆலையின் விபத்துப் பதிவேட்டில் அன்றே பதியச் செய்யுங்கள். எக்ஸ்ரே நன்றாக இருந்தும் மூன்று வாரம் கழித்து முழங்கால் நழுவினால், அதே மருத்துவரிடம் அதே சீட்டோடு திரும்பிப் போங்கள். புதுச் சீட்டு போட்டால், அடிபட்ட நாளை அதிலும் மறவாமல் எழுதச் சொல்லுங்கள்.